காலத்தைச் சீராக்கும் கருவி உண்டா?

விஞ்ஞானப் புனைகதைகளில் வியப்பான கருவியொன்றைக் காண்கிறோம். காலம் எங்கும் எவர்க்கும் ஒரே வேகத்தில் ஓடும்படி அது காத்து நிற்கும். அது பழுதானால் ஓரிடத்தில் நாள்கள் விரையும். மற்றோரிடத்தில் நிமிடங்கள் உறைந்துபோகும். கருவி கற்பனைதான், அதன் பின்னே நிற்கும் ஏக்கம் கற்பனையன்று. இன்ப நாள் பறந்துபோவதையும், துன்ப நாள் நகர மறுப்பதையும் நாம் அனைவரும் அறிவோம். காலம் சீரானால் நம் வாழ்வும் சீராகிவிடுமா?

இக்கேள்வியைக் கேட்கச் சென்னை மக்களுக்குத் தனி உரிமையே உண்டு. 1792-ஆம் ஆண்டு நுங்கம்பாக்கத்தில் வானாய்வுக்கூடம் எழுந்தது. தொலைநோக்கி சிறிதும் அசையாதிருக்க அங்கே நாட்டிய கருங்கல் தூண் இன்றும் நிற்கிறது. அவ்வாய்வுக்கூடத்தை ஆதாரமாகக் கொண்ட ‘மெட்ராஸ் நேரம்’ கிரீன்விச் நேரத்திற்கு 5 மணி 21 நிமிடம் 14 விநாடி முன்னே நின்றது. 1802-இல் வில்லியம் லாம்டன் பரங்கிமலையருகே நில அளவைக்கான அடிக்கோட்டை அளந்தபோது, அவருடைய 100 அடி எஃகுச் சங்கிலி வெயிலில் நீண்டது. வெப்பமானியை அருகில் வைத்துக் கணக்கைத் திருத்தினார்கள். கடிகாரத்தின் ஊசல் தண்டும் அப்படித்தான்: வெப்பத்தில் நீளும், நீண்டால் மெதுவாக ஆடும். சீர்மை என்பது கருவியோடு பிறப்பதன்று. ஓயாத திருத்தத்தால் வருவது.

பம்பாய்க்கு ஒரு நேரம், கல்கத்தாவுக்கு ஒரு நேரம் என்றிருந்த நாளில், இடைப்பட்ட மெட்ராஸ் நேரத்தையே இரயில்வேக்கள் பொதுவாகக் கொண்டன. 1906 ஜனவரி 1 முதல் இந்தியத் திட்ட நேரம் வந்தது. சென்னைக் கடிகாரங்கள் ஏறத்தாழ 9 நிமிடம் முன்னே நகர்ந்தன. அந்த 9 நிமிடம் எங்கே போயிற்று? எங்கும் போகவில்லை. எவரும் அதனால் மூப்படையவில்லை; கதிரவனும் விரைந்து உதிக்கவில்லை. மாறியது காலமன்று, மனிதர் தமக்குள் செய்துகொண்ட உடன்பாடு.

இயற்கையிலோ காலம் எங்கும் ஒன்றுபோல் ஓடுவதுமில்லை. ஐன்ஸ்டைனின் கொள்கைப்படி, சுமார் 300 அடி உயரமுள்ள பரங்கிமலையின் உச்சியில் வைத்த கடிகாரம், அடிவாரத்தில் உள்ளதைவிட மிக நுட்பமான அளவு விரைந்தே ஓடும். ஓராண்டு முழுவதும் சேர்த்தாலும் அவ்வேறுபாடு ஒரு விநாடியின் பத்து இலட்சத்தில் ஒரு பங்கை எட்டாது. ஆனால் மனித உள்ளத்தில் நேரும் வேறுபாடு அவ்வளவு சிறியதா?

1928-இல் டாக்டர் டேவிட் சௌரி முத்து தாம்பரத்தில் காசநோய் இல்லம் ஒன்றை நிறுவினார். 1931-இல் கடற்கரைக்கும் தாம்பரத்திற்கும் இடையே மின்சார இரயில் ஓடத் தொடங்கியது. காசத்தை வெல்லும் மருந்து அன்று இல்லை. ஓய்வும் தூய காற்றும் நல்லுணவுமே மருத்துவம். ஒரே ஊரில் ஒருபுறம் நிமிடக் கணக்கில் இரயில் விரைந்தது. மறுபுறம் மாதக் கணக்கில் நோயாளர் காத்துக் கிடந்தனர். கடிகாரம் இருவர்க்கும் ஒரே மணியைத்தான் காட்டியது. அம்மணியின் கனம் ஒன்றாக இருந்ததா? காலத்தை உள்ளத்தின் விரிவாகக் கண்ட புனித அகுஸ்தீனார் இவ்வேறுபாட்டை நன்கு உணர்ந்திருப்பார்.

ஆகவே புனைகதைக் கருவி நம் கைக்கு வந்தாலும் அது உள்ளத்தின் காலத்தைச் சீராக்காது. மேலும், அதன் விசை யார் கையில் இருக்கும்? காலத்தின் மேல் ஆட்சி இன்றும் சிலரிடம் இருக்கத்தானே செய்கிறது! தினக்கூலி ஒருவரை நாளை வா என்று எளிதாகத் திருப்பி அனுப்புகிறோம். சொன்னவர்க்கு அது இரண்டு சொற்கள். கேட்டவர்க்கு ஒரு நாள் கூலி. பிறர் பொருளைக் கவர்வது திருட்டென்று அறிந்த நாம், பிறர் நாளைக் கவர்வதைத் திருட்டென்று எண்ணுவதில்லை. எளியவர் நேரம் மலிவானது என்று நமக்கு யார் சொன்னது?

அப்படியானால் கடிகாரத்திற்கு அடிமையாவதுதான் அறமா எனச் சிலர் கேட்கலாம். அன்று. நோயுற்றவர் படுக்கையருகே அமர்ந்துகொண்டு கைக்கடிகாரத்தைப் பார்ப்பவன் நேரம் தவறாதவனாயினும் அன்பு தவறியவனே. நமக்காகக் காத்திருப்பவர் முன் நேரத்தை நினைப்பதும், துன்புறுபவர் முன் நேரத்தை மறப்பதும் ஒரே அறத்தின் இரு முகங்கள். இரண்டிலும் பிறருடைய காலத்தையே நாம் மதிக்கிறோம்.

சங்கிலிக்கு வெப்பமானி வைத்துக் கணக்கைத் திருத்தியவர்களைப்போல, பிறர் படும் பாட்டை அளந்து நம் அவசரத்தையும் தாமதத்தையும் நாள்தோறும் திருத்திக்கொள்ள வேண்டும். காலத்தைச் சீராக்கும் கருவி வேறில்லை. சொன்ன சொல்லைக் காத்து, பிறர் துயரில் பொறுத்து நிற்கும் மனிதனே அது.