வடத்தின் நடுவில்

வெஸ்ட் ஈலிங்கில் ஆகஸ்ட் வந்தால் சாப்பல் ரோட்டு ஸ்ரீ கனகதுர்க்கை அம்மனுக்குத் தேர். அதே மாதத்தில்தான் பிள்ளைகளுக்கு ஏ-லெவல் முடிவும். இந்த வருஷம் எங்கள் வீட்டில் இரண்டும் ஒரே கிழமையில் வந்தன: ஞாயிறு தேர், வியாழன் முடிவு.

மகள் பரீட்சை எழுதி இரண்டு மாதமாகிவிட்டது. ஆனாலும் அந்த இரவுகளில் பழைய வினாத்தாள்களை எடுத்து வைத்துக்கொண்டிருந்தாள்.

"இனி அதில என்ன பிள்ளை இருக்கு?"

"தெரியேல்லை அப்பா. சும்மா இருக்க ஏலாமல் கிடக்கு."

எனக்குத் தெரிந்த தவிப்பு அது. அகதி விண்ணப்ப நேர்காணலுக்கு முந்திய மூன்று இரவுகள், நாங்கள் நான்கு பேர் தங்கியிருந்த சிறிய அறையில், எனக்கு முன்னே போய்வந்தவர்கள் பாடம் எடுத்தார்கள். எந்தத் தேதி, எந்த முகாம், எந்தச் சோதனைச் சாவடி. எல்லாம் எனக்கு நடந்த உண்மைதான். ஆனாலும் பாடமாக்காவிட்டால் உண்மைகூட வாயில் வராது என்று பயம். அதிகாரி தேதிகளை விரைவாகக் கடந்துபோனார். பிறகு கேட்டார்: திரும்பிப் போனால் உங்களுக்கு என்ன நடக்கும்?

நடக்காத ஒன்றுக்கு எங்கே தேதி தேடுவது?

அந்தக் கேள்விக்கான சட்டமே எங்கள் ஆட்களின் வழக்கில் எழுதப்பட்டது என்பதைப் பின்னாளில் அறிந்தேன். 1987 டிசெம்பரில் பிரபுக்கள் சபை, சிவகுமாரன் வழக்கில், ஆறு தமிழர்களுக்கு எதிராகத் தீர்ப்பளித்தது. ஒருவர் உண்மையாகவே பயப்படுகிறார் என்பது போதாது, அவர் பயப்படுவது நடப்பதற்கு நியாயமான வாய்ப்பு இருக்கவேண்டும் என்றார்கள் நீதிபதிகள். 1988 பெப்ரவரியில் அவர்களில் ஐவர் இலங்கைக்குத் திருப்பி அனுப்பப்பட்டார்கள். மறுவருஷம் மேன்முறையீட்டை விசாரித்த நடுவர், அவர்கள் புகலிடம் பெறவேண்டியவர்களே என்றார். திரும்ப லண்டன் வந்தார்கள். இடையில் அவர்கள் கழித்த நாட்களை யார் திருப்பிக் கொடுப்பது?

அதே 1987இல், புகலிடம் கேட்ட தமிழர்களை ஹாரிச் துறைமுகத்தில் 'ஏர்ல் வில்லியம்' என்ற பழைய பயணிகள் கப்பலில் அடைத்து வைத்திருந்தார்கள். ஒக்டோபரில் பெரும்புயல் அடித்தது. கட்டியிருந்த கயிறுகள் அறுந்து கப்பல் தரைதட்டியது. அந்தத் தடுப்பு முகாம் அத்தோடு முடிந்தது. கப்பலில் இருந்தவர்கள் அன்றிரவு எதற்கெல்லாம் பயந்திருப்பார்கள் என்று அடிக்கடி நினைப்பேன். விடுதலை காற்றாக வரும் என்று அவர்களில் எவரும் எதிர்பார்த்திருக்க மாட்டார்கள்.

அப்படியென்றால் ஆயத்தம் எதற்கு? பல வருஷம் இதை யோசித்திருக்கிறேன். அந்த மூன்று இரவுகளும் வீண் என்றுகூட நினைத்ததுண்டு. இப்போது அப்படித் தோன்றவில்லை. அதிகாரிக்கு நான் சொன்ன பதில், "எனக்கு என்ன நடக்கும் என்று தெரியாது. எனக்கு முதல் பிடிபட்டவர்களுக்கு நடந்தது தெரியும்." இதை எவரும் சொல்லித்தரவில்லை. ஆனால் விடிந்தால் வேலைக்குப் போகவேண்டிய மூன்று பேர் எனக்காக விழித்திருந்து, கேட்டுக் கேட்டு, என் வாயைத் திறக்கப் பழக்கியிருந்தார்கள். கேள்வி புதிதாக இருந்தும் குரல் நடுங்கவில்லை. ஆயத்தம் தந்தது அந்தக் குரலைத்தான்.

மகளிடம் இதையெல்லாம் சொல்லவில்லை. வினாத்தாள்களை வாங்கி வைக்கவும் இல்லை. தேநீர் ஊற்றிக்கொண்டுவந்து பக்கத்தில் இருந்தேன்.

ஞாயிறு காலை இருவரும் வடம் பிடித்தோம். தெரு நிறையத் தேங்காய்ச் சிதறல், கற்பூரப் புகை, வெறுங்காலில் சுடும் தார். வடத்தின் நடுவில் நிற்பவருக்குச் சாமியும் தெரியாது, தெருவும் தெரியாது. முன்னால் நிற்பவரின் ஈரமான முதுகு மட்டும் தெரியும். பின்னால் தேரின் கனம். நான் குதிக்காலை உயர்த்தி முன்னே எட்டிப் பார்த்தேன், ஒன்றும் தெரியவில்லை.

அவள் பார்க்க முயலவே இல்லை. வடத்தை இறுக்கிப் பிடித்து, தலையைக் குனிந்தபடி நடந்துகொண்டிருந்தாள்.

"திரும்பப் போகுது அப்பா," என்றாள்.

"உனக்கு எப்பிடித் தெரியும்?"

"கயிறு இழுக்குது."

பத்தடி நடந்திருப்போம். தேர் திரும்பியது.