கூடும் எலும்பும் கூட்டும் கையும்

நோயுற்ற உடல் தன்னைத்தானே குணமாக்கிக்கொள்கிறது, மருத்துவர் அதற்குத் துணைநிற்பவரே என்று 13ஆம் நூற்றாண்டின் கிறித்தவ இறையியலாளர் தாமஸ் அக்குவைனாஸ், அரிஸ்டாட்டிலைப் பின்பற்றி வாதிட்டார். வீடு புறத்தேயுள்ள கலையால் மட்டுமே எழும், உடல்நலமோ அகத்திலுள்ள ஆற்றலாலும் மீளும் என்பது அவருடைய பாகுபாடு. முழங்கை மூட்டு இதற்குள் எளிதில் அடங்குவதில்லை. நீட்டிய கையை ஊன்றி விழும் குழந்தைக்கு மேற்கை எலும்பு முழங்கைக்குச் சற்று மேலே முறியும்போது, முறிந்த முனைகளைப் பிணைக்கும் புத்தெலும்பை உடலே உண்டாக்குகிறது. ஆனால் வெகுவாக விலகிய முனைகளை நேராக்கிக் கம்பிகளால் நிறுத்தாவிட்டால், அதே ஆற்றல் எலும்பைக் கோணலாகவே கூட்டிவிடக்கூடும். மூட்டு நழுவியிருந்தாலோ, அதாவது முன்கை எலும்புகள் பெரும்பாலும் பின்புறமாக இடம்பெயர்ந்திருந்தால், இயற்கை அநேகமாகக் கைவிரித்துவிடுகிறது. மணிக்கட்டில் நாடி பார்த்து, விரல்களின் உணர்வைச் சோதித்து, வலி தெரியாமல் மருந்து தந்து இழுத்துப் பொருத்துவது மருத்துவரின் கைதான். இது வீடு கட்டுவதற்கே நெருக்கமானது. பொருத்திய பின் நிலைமை மறுபடியும் மாறுகிறது: வளர்ந்தவரின் முழங்கையை மூன்று வாரத்துக்கு மேல் மாவுக்கட்டுக்குள் அசையாமல் வைத்தால் அது இறுகிவிடும் அபாயம் மிகுதி என்பதால், கட்டை எப்போது அவிழ்ப்பது என்பதும் கலையின் பகுதியாகிறது. இந்த விலகி நிற்றலையும் துணை என்றே கொள்ளலாம்தான். எனினும் நாள் தவறிய துணையே கேடாகும்போது, அக்குவைனாஸ் மருத்துவருக்கு ஒதுக்கிய இடம் சற்றுக் குறுகலாகவே படுகிறது.