எண்ணாமல் விட்ட ஒருவன்



சிரிப்பு எப்படிப் பிறக்கிறதென்று என்றாவது யோசித்ததுண்டோ? நம் வேதபோதகர் ஒருவர் அதை நன்கு அறிந்திருந்தார். 1680-ல் இத்தாலியில் பிறந்து, தமிழ்நாடு வந்து, அர்ச். சூசையப்பர்மேல் தேம்பாவணி பாடிய வீரமாமுனிவரே அவர். அந்தப் பெருங்காவியத்தை முழுதும் படித்தவர் நம்மில் எத்தனை பேர் என்று கேட்க எனக்கே கூச்சம். ஆனால் அவருடைய பரமார்த்த குருவின் கதையை அறியாத வீடு அரிது. 1822-ல் அது ஆங்கில மொழிபெயர்ப்போடு இலண்டனிலும் அச்சாயிற்று.

குருவும் ஐந்து சீடரும் ஆற்றங்கரைக்கு வருகிறார்கள். ஆறு தூங்குகிறதா என்றறியக் கொள்ளிக்கட்டையால் தொடுகிறார்கள். சுரீரென்று புகைகிறது. ஐயோ, விழித்திருக்கிறது! பிறகு அதே அணைந்த கட்டையால் தொட்டால் சத்தமில்லை, தூங்கிவிட்டதாம். அக்கரை சேர்ந்ததும் ஒருவன் தன்னை விட்டுவிட்டு மற்றவரை எண்ணுகிறான். ஐந்து பேர்தான்! அடுத்தவன் எண்ணினாலும் ஐந்தே. ஒருவனை ஆறு விழுங்கிற்றென்று அழுகை. கடைசியில் வழிப்போக்கன் ஒருவன் காசு வாங்கிக்கொண்டு, ஆளுக்கொரு அடி கொடுத்து எண்ணி, ஆறு பேரையும் கணக்கில் சேர்க்கிறான்.

இதிலுள்ள சூட்சுமம் என்ன? அழுகிறவர்களுக்குத் தெரியாதது நமக்குத் தெரிகிறது. “அவன் தன்னை எண்ணவில்லையே!” என்று பிள்ளை தானாகக் கண்டுபிடிக்கிற அந்தக் கணத்தில்தான் சிரிப்பு வெடிக்கிறது. விளக்கிச் சொன்னால் விகடம் செத்துப்போகும். நான் இப்போது செய்வது அதைத்தான்; பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஆனால் மட்டிக்கும் மடையனுக்கும் மனம் நோகாது. அவர்கள் கதைக்குள் இருப்பவர்கள். எதிரே இலைபோட்டு உட்கார்ந்திருப்பவனுடைய நிறத்தையும் திக்குவாயையும் சாதியையும் சொல்லிச் சிரிக்கிறோமே, அது வேறு. “விளையாட்டுக்குச் சொன்னேன்” என்கிறோம். பந்தியில் சிரிக்காதவன் ஒருவன் இருக்கிறான். அவனை யாரும் எண்ணுவதில்லை.

பிறரைச் சொல்வானேன்? சில மாதங்களுக்குமுன் பூசைக்குப் பிந்தி வந்த பெரியவர் ஒருவரைப் பார்த்து, “மோட்ச வாசலிலும் இப்படித்தான் வருவீரோ?” என்றேன். கோயிலே சிரித்தது. எனக்கும் உள்ளூரப் பெருமை. அடுத்த ஞாயிறும், அதற்கடுத்த ஞாயிறும் அவரைக் காணோம்.

வீடு தேடிப் போனேன். திருப்புட்குழி வயல்களில் மோட்டாருக்கு மின்சாரம் வருகிற நேரத்தில்தானே தண்ணீர் பாய்ச்ச முடியும்? அதை முடித்துவிட்டு ஓடி வந்தவரைத்தான் நான் கேலி செய்திருக்கிறேன். மன்னிக்கும்படி கேட்டேன். அவர் துண்டை உதறித் திண்ணையில் விரித்து என்னை உட்காரச் சொன்னார்.

“அது கிடக்கட்டும் சாமி. நான் பிந்தி வந்ததை நீங்கள் எண்ணினீர்கள். கோயில் ஒலிபெருக்கி எங்கள் வரப்பு வரைக்கும் கேட்கிறது. உங்கள் பிரசங்கம் எத்தனை நிமிஷம் என்று நானும் எண்ணிக்கொண்டுதான் இருந்தேன்” என்றார்.

முப்பத்தைந்தாம். இருவரும் சிரித்தோம். மறு ஞாயிறு அவர் வந்தார், பிந்தித்தான். நான் பன்னிரண்டு நிமிஷத்தில் முடித்துவிட்டேன்.