யாரும் ஏற்காத வேடம்

எல்லோரும் ஆசைப்படும் இடத்தில் போட்டி அதிகம். எல்லோரும் ஒதுக்கும் இடத்தில்தான் கதவு திறந்து கிடக்கிறது.

1913-இல் வெளிவந்த இயக்குநர் பால்கேயின் ‘ராஜா ஹரிச்சந்திரா’ மௌனப்படத்தில் அரிச்சந்திரனின் மனைவி தாராமதியாக நடிக்க எந்தப் பெண்ணும் அமையவில்லை. பம்பாய் உணவகம் ஒன்றில் வேலை பார்த்த அண்ணா சாலுங்கே என்ற ஆண், ஒல்லியான உடல்வாகும் மெல்லிய விரல்களும் கைகொடுக்க, தாராமதியின் சேலையைக் கட்டிக்கொண்டார். ஊமைப்படத்தில் வசனம் காப்பாற்றாது; கண்ணும் கையும்தான் பேச வேண்டும். 1917-இல் ‘லங்கா தகன்’ படத்தில் ராமரும் அவரே, சீதையும் அவரே. பிற்பாடு கேமராவின் மறுபக்கம் போய் ஒளிப்பதிவாளரும் ஆனார்.

கிடைத்த வேடத்தைக் கௌரவக் குறைச்சல் என்று நினைப்பவருக்கு அடுத்த வேடம் வாய்ப்பதில்லை. போட்ட வேடத்தையே பிடித்துத் தொங்குபவருக்கு அடுத்த வேலை பிடிபடுவதில்லை. துணிந்து ஏற்பது பாதித் திறமை. வேளை வந்ததும் விலகி, வேறொன்றைக் கற்பது மீதித் திறமை.

பெயர் நிலைப்பது ஊரார் கையில். தொழில் நிலைப்பது நம் கையில்.