வேரின் உரிமை

இறந்த நிலத்தை உயிர்ப்பித்தவனுக்கே அந்நிலம் உரியது என்பது நம் ஷரீஅத்தின் அழகிய விதிகளுள் ஒன்று. ‘இஹ்யாவுல் மவாத்’ என்பர் ஃபிக்ஹு நூலார். எவருக்கும் உடைமையாகாத தரிசைத் திருத்திப் பயிர் செய்தவனின் உழைப்பை மதித்து வகுக்கப்பட்டது அது. ஆனால், உயிரோடிருந்த நிலத்தைத் தானே அழித்துப் பின்னர்த் தானே உயிர்ப்பிப்பவன் அவ்வுரிமையைக் கோரலாமா? திருவதிகைக்குத் தெற்கே, நெய்வேலியின் சுரங்க மண்மீது வளர்ந்துள்ள சோலையைக் காணுந்தோறும் இவ்வினா நம் உள்ளத்தில் எழுகின்றது.

முந்திரியும் பலாவும் செழிக்கும் செம்மண் பகுதி அது. 1957 மே 20 அன்று ஜவஹர்லால் நேரு சுரங்கப் பணியைத் தொடங்கி வைத்தார். 1961 ஆகஸ்டில் பழுப்பு நிலக்கரி வெளிப்பட்டது. அதன்மேல் 50 மீட்டருக்கும் மேலாக மண் மூடிக் கிடந்தது. அம்மண்ணை அகற்றுமுன் ஊர்களை அகற்ற வேண்டியதாயிற்று. கரி எடுத்த குழியை மண்ணிட்டு நிரப்பி, எருவிட்டு, மரங்களை நட்டார்கள். நீர்நிலையும் பூங்காவும் அமைத்தார்கள். பறவைகள் வருகின்றன. இது நற்பணி என்பதில் நமக்கு ஐயமில்லை. ஒருவர் நட்ட மரத்தில் பறவை உண்பதும் அவருக்கு ஸதக்காவாகும் என நாயகம் (ஸல்) அவர்கள் அறிவித்துள்ளார்கள் அன்றோ!

கெய்ரோவில் சுமார் 500 ஆண்டுகள் குப்பை குவிந்து மேடான நிலத்தில் 2005இல் அல்அஸ்ஹர் பூங்கா திறக்கப்பட்டது. அது மெய்யாகவே இறந்த நிலம். அங்கே எவருடைய கழனியும் இல்லை. நெய்வேலியின் கதை வேறு.

இறந்த நிலம் பற்றிய அதே ஹதீஸ், அநியாயமாக ஊன்றிய வேருக்கு உரிமையில்லை என்றும் உரைக்கின்றது. நெய்வேலி நிலங்கள் சட்டப்படி, இழப்பீடு வழங்கி எடுக்கப்பட்டவை. ஆகவே இதனை ‘கஸ்பு’ என்று ஒரே சொல்லில் தீர்ப்பளிக்க நாம் துணியோம். ஆயினும் விலை கொடுப்பது வேறு, மனம் ஒப்பிப் பெறுவது வேறு. மதீனாவில் பள்ளிவாசலுக்கான இடம் இரு அநாதைச் சிறுவர்களுடையது. அதை இலவசமாக ஏற்க மறுத்து நாயகம் (ஸல்) அவர்கள் விலைக்கே வாங்கினார்கள். பின்னாளில் அப்பள்ளியை விரிவாக்க ஹலரத் உமர் (ரலி) அவர்கள் ஹலரத் அப்பாஸ் (ரலி) அவர்களின் வீட்டைக் கேட்டபோது, அவர் தர மறுத்தார். வழக்கு உபை இப்னு கஃபு (ரலி) அவர்களிடம் சென்றது. தீர்ப்பு கலீஃபாவுக்கு எதிராக அமைந்தது. கலீஃபா பணிந்தார். அதன்பிறகே அப்பாஸ் (ரலி) தாமாக முன்வந்து வீட்டைக் கொடுத்தார். பள்ளிவாசலுக்கே இந்த நிலையென்றால், சுரங்கத்துக்கு எவ்வளவு பேணுதல் வேண்டும்!

2023 ஜூலையில் வளையமாதேவியில் கால்வாய் வெட்டுவதற்காக, கதிர்விடும் பருவத்து நெற்பயிருக்குள் இயந்திரங்கள் இறங்கின. நிலம் முன்னரே கையகப்படுத்தப்பட்டது என்றது நிறுவனம். பயிரழிவைக் கண்டு சென்னை உயர்நீதிமன்றம் வேதனை தெரிவித்தது. பத்திரம் எவர் பெயரில் இருப்பினும், விதைத்தவன் அறுக்கும்வரை பொறுப்பது ஒரு கடமையே. அந்தக் கரியால் எரியும் விளக்கின் ஒளியிலேயே நாமும் கிதாபு ஓதுகின்றோம். ஆதலால் அக்கடனில் நமக்கும் பங்குண்டு.

பூங்கா ஸதக்காவாகலாம். ஸதக்காவால் கடன் தீராது என்பதை மக்தபுப் பிள்ளையும் அறியும். அவ்வூர்களின் பிள்ளைகளுக்கு நிலையான வேலையும், குடியேறிய மனைகளுக்குக் குறையற்ற பட்டாவும் கிடைத்தாக வேண்டும். பூங்கா வாயிலில் ஒரு கல் நாட்டி, மண்ணுக்குள் போன ஊர்களின் பெயர்களை அதில் பொறிப்பதற்கு அதிகச் செலவாகாது. அதையாவது முதலில் செய்யலாம்.