சேற்று நீரும் பார்வையாளர் அறமும்

மனிதன் தன் மானத்தைத் தானே விலைகூறும்போது, அதை வாங்குபவன் குற்றவாளியாவானா? பழமையான இவ்வினா, 2023ஆம் ஆண்டு ஜனவரி மாதத்தில் இந்தோனேசியாவின் லொம்பொக் தீவிலே புதியதொரு வடிவில் எழுந்தது. அங்குள்ள கிராமமொன்றில், வயது முதிர்ந்த பெண்கள் சேற்று நீரில் மணிக்கணக்காக அமர்ந்து, தம் தலைமீது தாமே நீரை அள்ளி ஊற்றிக்கொண்டிருந்தனர். கைத்தொலைபேசியொன்று அக்காட்சியை ரிக்ரொக் தளத்தில் நேரடியாக ஒளிபரப்பியது. பார்த்தவர்கள், காசு கொடுத்து வாங்கிய சிறு சின்னங்களைப் பரிசாக அனுப்பினர். அவை மீண்டும் பணமாக மாறின. நிறுவனம் தன் பங்கை எடுத்துக்கொண்டபின் மீதியே கிராமத்தை அடைந்தது.

அதே மாதம் 16ஆம் திகதி, சமூக விவகார அமைச்சர் திரி ரிஸ்மஹாரினி மாகாண, மாவட்ட நிர்வாகங்களுக்குச் சுற்றறிக்கை அனுப்பினார். முதியோரையும் சிறுவரையும் ஊனமுற்றோரையும் பயன்படுத்தி, நேரிலோ இணையத்திலோ பிச்சையெடுப்பதைத் தடுக்குமாறு அது பணித்தது. நோக்கம் நல்லதே. ஆயினும் ‘பிச்சை’ என்ற சொல்லோடு விவகாரம் முடிந்துவிடுமா?

இத்தகைய செய்திகளைக் கேட்கும் படித்தவர் பலர், பாமரரின் ரசனை சீரழிந்ததே காரணம் எனத் தீர்ப்பளிப்பர். இதை நாம் ஏற்பதற்கில்லை. 2011இல் கொரொன்தாலோவைச் சேர்ந்த நோர்மன் கமாரு என்னும் பொலிஸ்காரர், சீருடையுடன் இந்திப் பாடலொன்றுக்கு வாயசைத்து ஆடிய காட்சி யூரியூப்பிலே பரவ, நாடே சிரித்து மகிழ்ந்தது. ‘உயிரே’ படத்தின் வாயிலாகத் தமிழரும் அறிந்த ரஹ்மானின் மெட்டு அது. வாஹ்யு அகுங் பிரசெத்யோ 2018இல் இயக்கிய ‘திலிக்’ என்னும் குறும்படம் 2020இல் அதே தளத்தில் வெளியானபோது இலட்சக்கணக்கானோர் பார்த்தனர். நோயாளியைப் பார்க்க லொறியிலே செல்லும் கிராமத்துப் பெண்களின் வம்புப் பேச்சே அதன் கதை. மொழி ஜாவா மொழி. யோக்யகர்த்தாப் பிரதேசத்தின் பண்பாட்டுத் திணைக்களம் பொதுப்பணத்தைக் கொண்டு அதற்குத் துணைநின்றது. இவற்றை விரும்பிப் பார்த்தவரும் அதே பாமர மக்கள்தாம். ஆகவே, மேடை யாருடையது என்பதையே நாம் முதலில் ஆராய வேண்டும்.

இந்தோனேசிய மக்கள் இவ்வினாவுக்குப் புதியவரல்லர். 1950ஆம் ஆண்டு ஓகஸ்ற் 17இல் தோன்றிய ‘லெக்ரா’ என்னும் மக்கள் பண்பாட்டுக் கழகம், எழுத்தாளரையும் ஓவியரையும் கிராமங்களுக்குச் சென்று மக்களோடு வாழ்ந்து படைக்குமாறு தூண்டியது. ஜப்பானிய ஆக்கிரமிப்புக் காலத்திலே, வறியோர் உண்ணும் கீரையைப் பற்றி முகம்மது அரீஃப் இயற்றிய ‘கென்ஜர் கென்ஜர்’ பாடல் நாடெங்கும் ஒலித்தது. 1965இல் தொடங்கிய படுகொலைகளையடுத்து, அக்கழகமும் அப்பாடலும் தடைக்குள்ளாயின. பின்னர் 1989வரை அரசுத் தொலைக்காட்சி தனியாட்சி செய்தது. அதன்பின் தனியார் நிலையங்கள் வந்தன. இப்பொழுது மேடை ஒவ்வொருவர் கையிலும் இருப்பதுபோலத் தோன்றுகிறது. உண்மையில் கையிலிருப்பது கருவி மட்டுமே.

2025 ஓகஸ்ற் மாத இறுதியில் இது தெளிவாயிற்று. பாராளுமன்ற உறுப்பினரின் வீட்டுப்படிக்கு எதிராக மக்கள் தெருவில் இறங்கினர். பொலிஸ் வாகனம் மோதி, வாடகை மோட்டார் சைக்கிள் ஓட்டுநர் ஒருவர் இறந்தபின் கொந்தளிப்பு மூண்டது. 30ஆம் திகதி ரிக்ரொக் நிறுவனம் நேரடி ஒளிபரப்பைச் சில நாட்களுக்கு நிறுத்தியது. பாதுகாப்புக் கருதித் தானாகவே எடுத்த முடிவு என்றது. போராட்டத்தைக் காட்டியவரின் திரை அணைந்தது. நேரலையில் பொருள் விற்றுப் பிழைத்தவரின் கடையும் உடன் மூடப்பட்டது. இருவரிடமும் எவரும் அனுமதி கேட்கவில்லை.

இனி, சேற்று நீருக்குத் திரும்புவோம். இரப்பவருக்கு இட்ட காசு, அவரை எழுந்துபோக விடுகிறது. இந்தப் பரிசோ அவரை நீரிலேயே இருத்துகிறது. ‘இன்னும் ஒருமுறை ஊற்று’ என்னும் கட்டளை அதனுள் அடங்கியிருக்கிறது. ஆதலின் அது கூலி, பெறுபவர் தொழிலாளி, அனுப்புபவர், அறிந்தோ அறியாமலோ, கணநேர முதலாளி. முதலாளியின் அதிகாரம் அவருக்கு உண்டு, கடமை இல்லை. அம்மூதாட்டிக்குச் சளிக்காய்ச்சல் வந்தால் மருந்துக்குப் பொறுப்பாவார் எவருமிலர். தோட்டத்துக் கங்காணி தலைக்கு இவ்வளவென்று காசு பெற்றதுபோல, நிறுவனம் ஒவ்வொரு பரிசிலும் தன் பங்கைப் பெறுகிறது.

தம்மை எவரும் வற்புறுத்தவில்லை என அப்பெண்களுட் சிலர் கூறியதாகச் செய்திகள் வந்தன. அதை நாம் ஐயுற வேண்டியதில்லை. முதுமையிலும் உழைத்தாலன்றி உணவில்லை என்ற நிலையே வற்புறுத்தலாகும்போது, வேறொருவர் வற்புறுத்த வேண்டியதில்லை. அப்படியாயின், பரிசு அனுப்பாது விலகுவதே அறமா? விலகினால் நம் கை சுத்தமாகும். அவர் அடுப்பு எரியாது. அனுப்பினாலோ அவர் இன்னொரு மணிநேரம் நனைவார். தனிமனித நல்லெண்ணத்தால் அவிழ்க்கவியலாத முடிச்சு இது.

அவ்வுழைப்பை உழைப்பென்று ஏற்றுக்கொள்வதே முதற்படி. உழைப்பென்று ஏற்றபின், வேலைநேரத்துக்கு எல்லை, நோய்க்குக் காப்பு, வருவாயில் நியாயமான பங்கு, முதியோருக்கு ஓய்வூதியம் ஆகியன சட்டத்தின்முன் கேட்கத்தக்க உரிமைகளாகும். பிச்சை என்று பெயரிட்டாலோ, எஞ்சுவது தடையும் இரக்கமுமே.

ஆசிரியரும் மாணவரும் இத்தகைய காட்சியைக் காணும்போது, ‘இது நாகரிகமா?’ என்று கேட்பதோடு நின்றுவிடலாகாது. இதிலே உழைப்பவர் யார், இலாபம் பெறுபவர் யார், அந்த இலாபத்தில் நம் விரல்நுனிக்கும் பங்குண்டா என்ற வினாக்களை வகுப்பறையிலும் படிப்பு வட்டத்திலும் எழுப்புவோம். வெட்கம் என ஒன்று இங்கு உண்டெனில், அது அந்த மூதாட்டியருக்கு உரியதன்று.