யார் கொடுத்த வாக்கு?

சூட்டிகையான பிள்ளையைப் பார்த்தால், "சரியான எம்டன்!" என்பாள் என் பாட்டி. அது பாராட்டா, வசவா என்று சிறு வயதில் எனக்குப் புரிந்ததில்லை. ஒரு நாள் கேட்டேவிட்டேன்.

"அது ஒரு கப்பல்டா. அதுக்குப் பயந்துண்டு எங்கம்மா ராயபுரத்திலே சாப்பிட உட்கார்ந்த இலையை அப்படியே விட்டுட்டு ஓடினாளாம்" என்றாள்.

பாட்டியின் தாயார் ஓடியது 1914ஆம் ஆண்டு செப்டம்பர் 22ஆம் தேதி இரவு. எம்டன் என்ற ஜெர்மானியப் போர்க்கப்பல் சென்னைத் துறைமுகத்துக்கு எதிரே வந்து நின்று, பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகளைக் குறி பார்த்துச் சுட்டது. தொட்டிகள் தீப்பற்றி எரிந்தன. துறைமுகத்தில் சிலர் மாண்டார்கள். சில நிமிஷங்களில் கப்பல் இருளில் மறைந்துவிட்டது. ஊர் மட்டும் பல நாள் மூட்டை முடிச்சுகளோடு ரயிலடிக்கு ஓடிக்கொண்டிருந்தது.

ஜெர்மானியனுக்கும் ராயபுரத்துக்கும் என்ன பகை? ஒரு பகையும் இல்லை. பெல்ஜியம் என்ற சிறிய நாட்டின் நடுநிலையைக் காப்போம் என்று 1839இல் லண்டனில் சில வல்லரசுகள் கையெழுத்திட்டிருந்தன. 1914 ஆகஸ்டில் ஜெர்மனி அந்த நாட்டுக்குள் படை நடத்தியது. கொடுத்த வாக்கைக் காப்பாற்றவே போரில் இறங்குகிறோம் என்று இங்கிலாந்து சொல்லிற்று; இங்கிலாந்தோடு இந்தியாவும் இறங்கிற்று. இறக்கப்பட்டது என்பதே சரி. பாட்டியின் தாயாருக்குப் பெல்ஜியம் எந்தத் திக்கில் இருக்கிறது என்றுகூடத் தெரியாது.

இதையெல்லாம் இப்போது நான் நினைத்துக்கொள்ளக் காரணம் ஒரு நண்பர். ஓய்வுபெற்ற ஆசிரியர்; திருவொற்றியூரில் என் அண்டை வீட்டுக்காரர். எண்ணூருக்கு வடக்கே காட்டுப்பள்ளிக் கப்பல் கட்டும் தளத்துக்கு 2022 ஆகஸ்டில் அமெரிக்கக் கடற்படையின் சரக்குக் கப்பல் ஒன்று, சார்லஸ் ட்ரூ என்பது அதன் பெயர், பழுதுபார்க்க வந்தது. அமெரிக்கக் கடற்படைக் கப்பல் ஒன்று அந்த வேலைக்காக இந்தியாவுக்கு வந்தது அதுவே முதல் தடவை. அன்று தொடங்கிய விவாதம் எங்களுக்குள் இன்னும் ஓயவில்லை.

"பழுது பார்க்கிறோம், கடலில் சேர்ந்து பயிற்சி செய்கிறோம். பேசாமல் கூட்டணியிலேயே சேர்ந்துவிட்டால் என்ன சார்? ஒருவனை அடித்தால் அத்தனை பேரும் வருவோம் என்று சொல்லிவிட்டால் எவன் அடிப்பான்? காசிமேட்டுப் படகுக்காரர்களுக்குத் தெரிந்த நியாயம் நமக்குத் தெரியவில்லையே!" என்பார் அவர்.

காசிமேட்டு உதாரணம் என்னை மடக்கிவிட்டது. நடுக்கடலில் ஒரு படகின் எஞ்சின் நின்றுவிட்டால் பக்கத்துப் படகு கயிறு கட்டி இழுத்து வரும். டீசல் செலவாகிறதே, இன்றைய மீன்பாடு போகிறதே என்று பார்ப்பதில்லை. நாளைக்கு நமக்கும் எஞ்சின் நிற்கும் என்ற அறிவு அது. அதற்கும் மேலே ஏதோ ஓர் அறம். அந்த அறத்தை நாடுகள் கைக்கொண்டால் அதைக் குறை சொல்ல நான் யார்? பெல்ஜியத்துக்குக் கொடுத்த வாக்கு தன்னளவில் நல்ல வாக்குதான். எளியவனை வலியவன் மிதிக்கும்போது, "எனக்கென்ன!" என்று திண்ணையில் சாய்ந்திருப்பவனை நடுநிலையாளன் என்று சொல்ல என் நா எழாது.

ஆனால், விலகி நிற்பது எல்லாமே திண்ணைச் சாய்வு ஆகிவிடுமா?

1950இல் கொரியாவில் போர் மூண்டது. வட கொரியா செய்தது ஆக்கிரமிப்பே என்று ஐக்கிய நாடுகள் சபையில் இந்தியாவும் சொன்னது. பதினாறு நாடுகள் சண்டைக்குப் படை அனுப்பின. இந்தியா ஒரு மருத்துவப் படையை அனுப்பியது. அதன் தலைவர் லெப்டினன்ட் கர்னல் ஏ. ஜி. ரங்கராஜ். அந்த ஆண்டுக் கடைசியில் பியாங்யாங்கை விட்டு எல்லோரும் பின்வாங்கியபோது, மருந்தையும் கருவிகளையும் போட்டுவிட்டு வர அவருக்கு மனம் வரவில்லை. ஒரு பழைய ரயில் எஞ்சினைத் தேடிப் பிடித்து, தம் ஆட்களைக் கொண்டே ஓட்டி, அத்தனையையும் ஆற்றுக்கு இப்பால் கொண்டுவந்து சேர்த்தார்.

1953இல் போர் நின்றதும் வேறொரு பாரம் வந்து சேர்ந்தது. சொந்த நாட்டுக்குத் திரும்ப மறுத்த இருபத்திரண்டாயிரத்துக்கு மேற்பட்ட கைதிகளை யார் காவல் காப்பது? இரு தரப்பும் ஒப்புக்கொண்ட காவலாளி இந்தியா. ஜெனரல் திம்மய்யா பொறுப்பேற்றார். ஆனால், இந்தியச் சிப்பாய் தன் மண்ணை மிதிக்கக் கூடாது என்றார் தென் கொரிய ஜனாதிபதி சிங்மன் ரீ. கப்பலிலிருந்து ஹெலிகாப்டரில் தூக்கிச் சென்று அவர்களை இறக்க வேண்டியதாயிற்று. கைதிகள் கலகம் செய்தார்கள்; காவலர்கள் சுட்டதில் சிலர் இறந்தார்கள். எங்கள் கையில் கறையே இல்லை என்று நாம் மார்தட்டிக்கொள்ள முடியாது. நடுவில் நிற்பவனுக்கு இரு பக்கத்து வசவும் உண்டு. தன் மனச்சாட்சியின் வசவும் உண்டு.

இந்தப் பக்கமும் வேண்டாம், அந்தப் பக்கமும் வேண்டாம் என்ற கைதிகளும் இருந்தார்கள். அவர்களில் கொரியரும் சீனருமாக 88 பேர் நம் படையோடு கப்பலேறி இந்தியாவுக்கு வந்தார்கள். 1954 பிப்ரவரியில் அவர்கள் வந்து இறங்கியது இதே சென்னைத் துறைமுகத்தில்தான். பிறகு டில்லிக்குப் போனார்கள். பெரும்பாலோர் பிரேஸிலுக்கும் அர்ஜென்டினாவுக்கும் போய்க் குடியேறினார்கள். சிலர் இங்கேயே தங்கிவிட்டார்கள். நாற்பது ஆண்டுகளுக்கு முன் எந்தத் துறைமுகத்தில் யாரோ கொடுத்த வாக்குக்காக எண்ணெய் எரிந்ததோ, அதே துறைமுகம் இரு தரப்பும் வேண்டாம் என்றவனுக்குக் கால் வைக்க இடம் கொடுத்தது.

இதை ஆசிரியரிடம் சொன்னேன். அவர் லேசில் விடுகிற பேர்வழியா? "அது சரி சார். ஆனால் நம் எஞ்சின் நிற்கிற அன்றைக்கு எவன் கயிறு வீசுவான்?" என்றார்.

நல்ல கேள்வி. ஒருவருக்கும் வாக்குக் கொடுக்காதவன், ஒருவரும் வராமற்போனால் குறைப்பட முடியாது. தனித்து நிற்பதற்கு அது விலை. சேர்ந்து நிற்பதற்கும் விலை உண்டு. ஐரோப்பாவைக் காக்க 1949இல் உண்டானது நேட்டோ. ஒருவனை அடித்தால் எல்லோரையும் அடித்ததாகும் என்ற அதன் ஷரத்து ஒரே ஒரு முறைதான் அமலுக்கு வந்திருக்கிறது. 2001இல் அமெரிக்கா தாக்கப்பட்டபோது! அதைத் தொடர்ந்து ஐரோப்பியப் பையன்கள் ஆப்கானிஸ்தானத்து மலைகளில் போய் உயிர் விட்டார்கள். கையெழுத்திட்ட அன்று அவர்களில் ஒருவன்கூடப் பிறந்திருக்க மாட்டான்.

இரண்டில் எது சரி என்று தீர்ப்புச் சொல்ல எனக்குத் துணிவில்லை. ஒன்று மட்டும் தெரிகிறது. காசிமேட்டில் கயிறு வீசுகிறவன் தன் கையால் வீசுகிறான். நஷ்டம் அவனுடைய டீசல். அபாயம் அவனுடைய உயிர். அந்த வாக்குக்கு அழகு வருவது அதனால்தான். நாடுகளின் வாக்கில் அந்த அழகு அருமையாகவே வாய்க்கிறது. கையெழுத்திடும் கை வேறு, கயிறு இழுக்கும் கை வேறு.

அடுத்த முறை ஏதேனும் ஓர் ஒப்பந்தத்தைப் பற்றிப் பத்திரிகையில் படிக்கும்போது, அது எந்த நாட்டோடு என்பதை ஆசிரியர் பார்க்கட்டும். எனக்கு வேறு ஒன்று தெரிந்தாக வேண்டும். இலையை விட்டு எழுந்து ஓடப் போகிறவள் எந்தத் தெருவில் இருக்கிறாள்? அவளை யாராவது ஒரு வார்த்தை கேட்டார்களா?